யாருக்கு எத்தனை செக்கன்?

'அலைபாயுதே', 'கன்னத்தில் முத்தமிட்டால்', 'துப்பாக்கி', 'கத்தி', 'ஆர்ஆர்ஆர்', 'பொன்னியின் செல்வன்'. இதெல்லாம் யாருடைய படம் என்று கேட்டால் மணிரத்னம், முருகதாஸ், ராஜமௌலி என்று நம்ம ஆட்கள் தூக்கத்திலும் சொல்வார்கள். இந்த ஆறுக்கும் பொதுவான ஒரு ஆள் இருக்கிறார், அவர் பேரைச் சொல்லுங்க என்றால் பாதிப்பேர் ஃபோனைத் தூக்குவார்கள்.

ஏ. ஶ்ரீகர் பிரசாத். எடிட்டர்.

அதே ஆள்தான் 'புரஹந்த களுவர' படத்தின் எடிட்டர். 'இர மதியம', 'ஆகாச குசும்', 'ஒப நத்துவ ஒப எக்க', 'காடி', கடைசியாக 'பாரடைஸ்'. பிரசன்ன விதானகே இயக்கிய ஆறு படங்கள், 1997இலிருந்து 2023 வரை. சிங்களக் கிராமத்தின் சவப்பெட்டி, வடக்கிலிருந்து துரத்தப்பட்ட முஸ்லிம் பையன், பொகவந்தலாவையில் அடகுக்கடைக்காரனைக் கட்டின தமிழ்ப்பெண், கண்டி இராச்சியத்தின் கடைசி நாட்கள், 2022இல் பெட்ரோலுக்கு நாடே வரிசையில் நின்ற காலத்தில் பொலிஸிடம் அடிவாங்கும் தோட்டத் தொழிலாளிகள். இந்த நாட்டின் கால் நூற்றாண்டுத் துயரம் சென்னையில் ஒரு மனுஷனின் மேசையில் நீளம் பார்க்கப்பட்டிருக்கிறது. நம்மில் யாரும் அவரைப் பற்றி நாலு வரி எழுதல. விதானகே பற்றி எழுதினோம், நடிகர்கள் பற்றி எழுதினோம், தடை பற்றி எழுதினோம். படத்தொகுப்பு என்று வந்தால் விமர்சனத்தின் கடைசிப் பந்தியில் "படத்தொகுப்பு கச்சிதம்" என்று இரண்டே சொல். (இன்னொரு வசனமும் உண்டு: "எடிட்டர் இன்னும் கத்தரி போட்டிருக்கலாம்." இதை எழுதுகிற ஆளைக் கண்டால் எனக்குப் பத்திக்கொண்டு வரும்.)

எடிட்டர் என்றால் நீளத்தைக் குறைக்கிறவர் என்று நாம் நினைக்கிறோம். யாரை எவ்வளவு நேரம் பார்க்க வேண்டும் என்று முடிவெடுக்கிறவர் அவர். ஒரு முகத்துக்கு நாலு செக்கன், இன்னொரு முகத்துக்கு நாற்பது. யுத்தம் நடந்த நாட்டில் அது சின்ன முடிவு இல்ல.

இத்தாலியைக் கொஞ்சம் பார்த்துவிட்டு வருவோம், ஏனென்றால் யுத்தத்துக்குப் பிறகான சினிமா என்றாலே எல்லாரும் அங்கேதான் போவார்கள். 'ரோம் திறந்த நகரம்' 1945. 'சைக்கிள் திருடர்கள்' 1948. 'உம்பெர்ட்டோ டி' 1952. ரொஸ்ஸெல்லினி, டி சிக்கா என்று பேர் சொல்வோம். மூன்றுக்கும் எடிட்டர் ஒரே ஆள், எரால்டோ டா ரோமா. பிறகு அந்தோனியோனியின் 'லவெந்துரா'வும் (1960) அவருடையதுதான். 'உம்பெர்ட்டோ டி'யில் ஒரு காட்சி: வீட்டு வேலைக்காரப் பெண் காலையில் எழுந்து சமையலறைக்கு வருகிறாள். தண்ணி பிடிக்கிறாள், எறும்பை விரட்டுகிறாள், உட்கார்ந்தபடியே காலை நீட்டிக் கதவைத் தள்ளி மூடப் பார்க்கிறாள், கோப்பிக்கொட்டை அரைக்கிறாள். கதை ஒரு அங்குலம்கூட நகரல. ஆனால் அவள் வயிற்றில் பிள்ளை இருப்பது நமக்குத் தெரியும். அந்தச் சில நிமிஷத்தில் அவள் தனியாக அதைச் சுமந்துகொண்டு நிற்பதைப் பார்த்துவிடுகிறோம். கதாநாயகன் பென்ஷன் எடுக்கும் கிழவர், இவள் இல்ல. ஆனாலும் அவளுக்கு நேரம் கொடுத்தார்கள்.

அந்த நேரத்தைக் கொடுப்பது அப்போது கைவேலை. ஃபிலிம் துண்டைப் பசை போட்டு ஒட்டுவார்கள். பிரித்து மறுபடி ஒட்டினால் ஒரு ஃப்ரேமாவது வீணாகும். ஃபெலினியின் எடிட்டர் லியோ கட்டோட்ஸோ டேப்பால் ஒட்டுகிற ஒரு கருவியைக் கண்டுபிடித்தார். அது உலகம் முழுக்க எடிட்டிங் அறைகளுக்குப் போனது. ஒட்டினதைப் பிரிக்கலாம், திரும்ப ஒட்டலாம், ஒரு ஃப்ரேமும் போகாது. இன்றைக்கு நம் ஃபோனில் அன்டூ அமுக்குகிறோமே, அதன் தாத்தா அந்த டேப்.

இலங்கையோடு இத்தாலிக்கு ஒரு நேரடித் தொடர்பும் உண்டு. 1948இல் இங்கே அரசாங்கத் திரைப்படப் பிரிவு தொடங்கியபோது அதை நடத்த வந்தவர்கள் ஜூலியோ பெத்ரோனி, ஃபெதெரிகோ செர்ரா என்ற இரண்டு இத்தாலியர்கள். பிறகு அதே பிரிவில் வேலை செய்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸும் டைட்டஸ் தொட்டவத்தவும் வெளியே வந்து செய்த படம்தான் 'ரேகாவ' (1956). எடிட்டர் டைட்டஸ். அதன் பிறகு 'கம்பெரலிய'வை எடிட் செய்தவர் சுமித்ரா பீரிஸ். பிற்பாடு தானே இயக்குநரானவர். ஆக நல்ல எடிட்டர்கள் இந்த நாட்டில் இல்லாமல் இல்ல. அதே 1948இல்தான் பிரஜாவுரிமைச் சட்டமும் வந்தது. நம்ம தாத்தா பாட்டிமார் இலட்சக்கணக்கில் நாட்டின் பட்டியலிலிருந்து வெளியே போனார்கள். அந்த வருஷம் ரோமில் ஒரு ஏழைத் தகப்பனும் மகனும் சைக்கிள் தேடி நடக்கிறதை உலகம் பார்த்தது. தலவாக்கலையில் நடந்தவனை யாரும் படம் பிடிக்கல.

சரி, ஶ்ரீகர் பிரசாத்துக்கு வருவோம். அப்பா அக்கினேனி சஞ்சீவி எடிட்டர், எல்.வி. பிரசாத் குடும்ப வழி. படித்தது ஆங்கில இலக்கியம். 'ராக்' என்ற ஹிந்திப் படத்துக்கு 1989இலேயே தேசிய விருது. அதன் பிறகு அஸ்ஸாமிய மொழி, மலையாளம், தமிழ், தெலுங்கு, சிங்களம் என்று பத்துக்கு மேற்பட்ட மொழிகளில் வேலை. சிங்களம் அவர் வீட்டு மொழி இல்ல. வசனத்தைக் காதால் விழுங்குகிற வசதி இல்லாத எடிட்டர் முகத்தை நம்பித்தான் ஆக வேண்டும் என்று நான் நினைக்கிறேன். வாய் மூடின பிறகு கண் என்ன செய்கிறது, தோள் எப்போது தளர்கிறது என்று பார்க்க வேண்டும். விதானகேயின் படங்களில் பேச்சு முடிந்த பிறகும் ஷொட் நிற்கிறது. இந்த இரண்டுக்கும் சம்பந்தம் இல்லை என்று என்னால் நம்ப முடியல.

நம் யுத்தத்தை அவர் தொட்டது விதானகேயோடு மட்டுமில்ல. சந்தோஷ் சிவனின் 'தி டெரரிஸ்ட்' (1998) அவர் எடிட் செய்தது. தற்கொலைக் குண்டுதாரியாகப் போகும் மல்லி என்ற பெண்ணின் முகத்தை விட்டு அந்தப் படம் அசையாது. 'கன்னத்தில் முத்தமிட்டால்' (2002) அவருக்குத் தேசிய விருது வாங்கித் தந்தது. அதில் குண்டு வெடிக்கிறது, ஆட்கள் ஓடுகிறார்கள், படம் சிதறிச் சிதறிப் போகிறது. அமுதாவின் கண்ணுக்கு யுத்தம் அப்படித்தான் தெரியும், அவள் சென்னையிலிருந்து வந்த பிள்ளை. அதற்கு அஞ்சு வருஷம் முன்னால் அதே கை 'புரஹந்த களுவர'வில் என்ன செய்தது?

வன்னிஹாமி கண் தெரியாத கிழவர். ஜோ அபேவிக்ரம நடித்தது. வரண்ட குளத்துக் கிராமம். பட்டாளத்துக்குப் போன மகன் சீல் வைத்த பெட்டியில் வருகிறான். திறக்கக் கூடாது. கிழவர் அழல, நம்பவும் இல்ல. நட்டஈட்டுப் பத்திரத்தில் ஒப்பம் வைக்கச் சொல்கிறார்கள். அரைகுறையாக நிற்கிற வீட்டுக்கும் கடனுக்கும் அந்தக் காசு வேண்டும். கிழவர் வைக்க மாட்டேன் என்கிறார். கடைசியில் மண்வெட்டியோடு புதைகுழிக்குப் போகிறார். பெட்டிக்குள் வாழைக்குற்றியும் கல்லும்.

இந்தக் கதையை இருபது நிமிஷத்தில் சொல்லலாம். படம் ஒன்றேகால் மணித்தியாலம் போகிறது. மிச்ச நேரம் எங்கே போனது? கிழவர் நடக்கிறதுக்கு, உட்கார்ந்திருக்கிறதுக்கு, மற்றவர்கள் அவரிடம் கெஞ்சிவிட்டுச் சும்மா நிற்கிறதுக்கு. கண் தெரியாதவர் ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்குப் போக எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம். அந்த நடையை வெட்டியிருந்தால் அவர் பிடிவாதக்காரக் கிழவன் ஆகியிருப்பார். நடையை விட்டதால் அவர் சரியாகத்தான் கணக்குப் பார்க்கிறார் என்று நமக்கே தோன்றுகிறது. முடிவு அதிர்ச்சியாக வரல. அவரோடு நாமும் அதற்குள் அங்கே போய்ச் சேர்ந்துவிட்டோம்.

2000இல் அரசு இந்தப் படத்தைத் தடை செய்தது. விதானகே உயர் நீதிமன்றம் போய் வென்ற பிறகுதான் இங்கே திரைக்கு வந்தது. யுத்தத்தைத் திட்டி ஒரு வசனம்கூடக் கத்தாத படத்தைப் பார்த்து ஏன் பயந்தார்கள்? சிப்பாயின் அப்பனை அவ்வளவு நேரம் பார்த்தால் பெட்டியைத் திறக்கச் சொல்லி எல்லாருக்கும் தோன்றும். அதுதான் காரணம் என்று நான் நம்புகிறேன்.

இதை நாங்கள் சில பேர் திரும்பப் பார்த்தபோது கிளிநொச்சி அம்மாக்கள்தான் நினைவில் வந்தார்கள். 2017 பெப்ரவரியிலிருந்து பிள்ளைகளின் படத்தைப் பிடித்துக்கொண்டு வீதியோரம் உட்கார்ந்தவர்கள். மரணச் சான்றிதழும் வேண்டாம், நட்டஈடும் வேண்டாம், பிள்ளை எங்கே என்று கேட்டவர்கள். செய்திகளில் அவர்களுக்குக் கிடைத்தது எத்தனை செக்கன்? ஒரு கூடாரம், ஒரு படம், ஒரு அழுகை, அடுத்தது வானிலை. வன்னிஹாமிக்குக் கிடைத்த நேரம் அவர்களில் ஒருவருக்காவது கிடைத்திருந்தால் என்று நினைக்கிறேன். சிங்களக் கிழவனுக்குக் கிடைத்ததே என்ற பொறாமையில் சொல்லல. எப்படிக் கொடுக்கலாம் என்று அந்தப் படம் காட்டிவிட்டது, அதற்காகச் சொல்கிறேன்.

'இர மதியம' இன்னும் சிக்கலான வேலை. மூன்று கதை. காணாமல் போன விமானி கணவனைத் தேடும் சிங்களப் பெண், நாயைப் பிரிய மனமில்லாமல் ஊரை விட்டுப் போக வேண்டிய முஸ்லிம் பையன் அரபாத், லீவில் வந்த சிப்பாய் விடுதியில் தன் தங்கச்சியையே காண்பது. மூன்றும் மாறி மாறிப் போகிறது. இப்படி மூன்று இனத்தையும் தொடும் கதை என்றால் நம்ம ஊரில் உடனே "சமநிலை" என்ற வியாதி வந்துவிடும்: அவருக்கு ஒரு துண்டு, இவருக்கு ஒரு துண்டு, கடைசியில் எல்லாரும் பாவம். இங்கே அப்படி நடக்கல. காரணம் வெட்டும் இடம். ஒருவரின் அழுகை உச்சத்துக்கு வரும்போது அடுத்த கதைக்குத் தாவி ஒப்பிட்டுக் காட்டினால் அது மலிவு. இந்தப் படம் பெரும்பாலும் பயணத்தில் தாவுகிறது: பஸ், பாதை, வெயில். மூன்று பேரும் ஒரே வெயிலில் நடக்கிறார்கள், ஆனால் ஒருவர் துயரம் இன்னொருவர் துயரத்துக்குச் சாட்சியாகப் பயன்படல. 1990இல் வடக்கிலிருந்து முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டதைத் தமிழர்கள் நாம் நம் படங்களில் எத்தனை முறை சொல்லியிருக்கிறோம் என்றும் இந்த இடத்தில் கேட்டுக்கொள்ளலாம்.

'ஆகாச குசும்' மாலினி பொன்சேகாவுக்காகவே பார்க்க வேண்டிய படம். இங்கே நமக்கு வேலை அடுத்த படத்தில்.

'ஒப நத்துவ ஒப எக்க' (2012), தமிழில் 'பிறகு'. யுத்தம் முடிந்து மூன்று வருஷம். தஸ்தயேவ்ஸ்கியின் ஒரு நீள்கதையை விதானகே பொகவந்தலாவைக்குக் கொண்டுவந்தார். கண்டியிலிருந்து கம்பளை, நாவலப்பிட்டி, ஹட்டன் என்று பஸ் ஏறிப் போனால் வரும் அதே பொகவந்தலாவைதான். சரத்சிறி அடகுக்கடை வைத்திருக்கிறான், ஓய்வாக இருந்தால் ரீவியில் மல்யுத்தம் பார்க்கிறான். செல்வி வடக்கிலிருந்து வந்தவள், நகையை அடகு வைக்க வருகிறாள். மறுபடி வருகிறாள். மறுபடியும். கல்யாணம் ஆகிறது. அவன் முன்னாள் சிப்பாய் என்பது பிறகு தெரிகிறது.

தோட்டப் பக்கத்து ஆட்களுக்கு அடகுக்கடை என்றால் என்னவென்று விளக்கத் தேவையில்ல. ஸ்கூல் தொடங்கும் ஜனவரியில் தோடு உள்ளே போகும், தீபாவளி முற்பணத்தில் வெளியே வரும், வராமலும் போகும். கவுண்டருக்கு இந்தப் பக்கம் நிற்கும்போது ஏற்படும் அந்தக் கூச்சம் இருக்கிறதே, நகையைத் தராசில் வைத்துவிட்டு அவன் முகத்தைப் பார்க்காமல் சுவரைப் பார்ப்போமே, படம் அதை அவசரப்படாமல் எடுத்திருக்கிறது. அவன் பார்க்கிறான், அவள் பார்க்கல. அந்த இடைவெளியில்தான் முழுக் கல்யாணமும் கெட்டுப்போகிறது. சரத்சிறி மனந்திருந்தினவனா கெட்டவனா என்று தீர்ப்புச் சொல்ல வேண்டிய இடத்தில் படம் இரண்டு பேரையும் ஒரே அறையில் பேசாமல் விட்டு வைத்திருக்கிறது. 'பிறகு' என்ற பேர் ரொம்பச் சரி. யுத்தத்துக்குப் பிறகு என்ன என்றால் இதுதான்: சோறு போட்டுக்கொண்டு, எதிரே உட்கார்ந்துகொண்டு, கேட்காமல் இருப்பது.

2014 ஜூனில் இந்தப் படம் சென்னையில் திரைக்கு வந்தபோது, சிங்களப் படம் என்று எதிர்ப்பும் மிரட்டலும் வந்து காட்சிகள் நிறுத்தப்பட்டன. பாருங்க, ஒரே இயக்குநர், ஒரே எடிட்டர். ஒரு படத்தைக் கொழும்பு நிறுத்துகிறது, யுத்தத்துக்கு எதிரானது என்று. இன்னொன்றைச் சென்னை நிறுத்துகிறது, சிங்களம் என்று. செல்வியை நமக்காகப் பாதுகாக்கிறோம் என்று சொன்னவர்கள் செல்வியைப் பார்க்கவே இல்ல.

'காடி' நம்ம ஊர்க் கதை. கண்டி, 1814. மதுரை நாயக்க வழி மன்னன் ஶ்ரீ விக்கிரம ராஜசிங்கனைக் கவிழ்க்க ரதல பிரதானிகள் வெள்ளைக்காரனோடு சேர்கிறார்கள். முதல் தடவை தோற்கிறார்கள். அவர்கள் வீட்டுப் பெண்களுக்குத் தண்டனை: வாவியில் மூழ்கிச் சாவு, அல்லது கடைசிச் சாதி என்று ஒதுக்கப்பட்ட காடி மக்களோடு வாழ்க்கை. திக்கிரி சாக மறுக்கிறாள். அவளை விஜயாவிடம் கொடுக்கிறார்கள்.

கண்டியில் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைக்கு இந்த வரலாறு ஒரு சங்கடம். பாடப் புத்தகத்தில் எஹலபொலயின் பிள்ளைகளுக்கு நடந்ததைப் படிக்கும்போது வகுப்பில் நாலு பேர் நம்மைத் திரும்பிப் பார்ப்பார்கள், ராஜா நம்ம மாமா மாதிரி. அவர் வெட்டின வாவியைச் சுற்றித்தான் நாம் நடக்கிறோம். அவர் வேலூரில் சிறையிருந்து 1832இல் செத்தார். 'காடி' இந்தச் சண்டைக்குள் போகாமல், ராஜாவையும் பிரதானிகளையும் ஓரத்தில் விட்டு, மேல்துணி போடக்கூட உரிமையில்லாத சாதியின் பக்கம் நேரத்தைத் திருப்புகிறது. அந்தத் திருப்பம் எனக்குப் பிடித்தது. படம் முழுசாகப் பிடித்தது என்று சொல்ல மாட்டேன். உடையும் மலையும் காடும் பார்க்க அழகாக இருக்கிறது, அந்த அழகுக்குக் கொடுத்த நேரத்தில் கொஞ்சம் விஜயாவுக்குக் கொடுத்திருக்கலாம். திக்கிரி எதை இழந்தாள் என்று நமக்குத் தெரிகிறது. விஜயா தலைமுறை தலைமுறையாக எதை இழந்தே பிறந்தான் என்பது அவள் கண்ணால்தான் தெரிகிறது.

இந்தக் குறைதான் 'பாரடைஸி'ல் எனக்கு வலித்தது.

கேசவ், அம்ரிதா, கேரளத்து ஜோடி. 2022இல், நாடு வங்குரோத்தாகி மருந்துக்கும் எரிபொருளுக்கும் அல்லாடும் நேரத்தில், ஐந்தாவது கல்யாண நாளுக்கு மலைநாட்டுக்கு வருகிறார்கள். ராமாயணம் நடந்த இடம் என்று சொல்லப்படும் இடங்களைப் பார்க்கும் பயணம். தங்கின இடத்தில் லப்டொப்பும் ஃபோனும் களவு போகிறது. கேசவ் பொலிஸை நெருக்குகிறான். பொலிஸ் மூன்று தமிழ்த் தோட்டத் தொழிலாளிகளைப் பிடித்து வருகிறது. இவர்களா? அம்ரிதாவுக்கு நிச்சயமில்ல. கேசவுக்கு லப்டொப் வேண்டும். ஒருவர் செத்துப்போகிறார். அதற்கு மேல் சொல்ல மாட்டேன், பார்க்காதவர்கள் பாருங்க.

எடிட்டிங்காகப் பார்த்தால் இது அவருடைய மிகக் கூர்மையான வேலைகளில் ஒன்று. 'ஆர்ஆர்ஆர்' மூன்று மணித்தியாலம், ஒரு செக்கன் மூச்சு விட விடாது. 'பாரடைஸ்' அதில் பாதி நீளம், கதவு தட்டுகிற சத்தத்துக்குக்கூடக் காத்திருக்க வைக்கிறது. கேசவ் கத்தும்போது படம் அவனைப் பார்க்காமல் கேட்டுக்கொண்டிருக்கிற அம்ரிதாவிடம் போகிறது. ஒரு புருஷனைப் பெண்டாட்டி கொஞ்சம் கொஞ்சமாக வெறுக்கத் தொடங்குவதை வசனமே இல்லாமல் பார்த்துவிடுகிறோம்.

ஆனால் அந்த மூன்று பேர்? அவர்களை நாம் அறிவது அந்த ஜோடி அவர்களைப் பார்க்கும் நேரத்தில் மட்டும். அம்ரிதா பார்க்கிறாள், ஆகவே நாம் பார்க்கிறோம். அவள் திரும்பினால் அவர்கள் போய்விடுகிறார்கள். பேர்கூட மனசில் நிற்கல. படத்தின் நியாயம் எனக்குத் தெரியாமல் இல்ல: இது உல்லாசப் பயணியின் பார்வை பற்றிய படம். அந்தப் பார்வைக்குள் தொழிலாளி இப்படித்தான் வந்து போவான், அதை மறைத்துத் திடீரென்று லயத்துக்குள் போய் ஒரு அழுகைக் காட்சி வைத்திருந்தால் அது இன்னும் பெரிய பொய். ஒத்துக்கொள்கிறேன். அப்படியிருந்தும் படம் முடிந்து விளக்குப் போட்டபோது வந்த கேள்வி வேறு. தொண்ணூறு வருஷமாக நாம் இப்படித்தானே வந்து போகிறோம்?

தொண்ணூறு என்று சும்மா சொல்லல. 1934இல் பேசில் ரைட் 'சோங் ஒஃப் சிலோன்' எடுத்தார். தேயிலை விளம்பரத்துக்காகக் காசு கொடுத்து எடுக்கச் சொன்ன படம், அவர் அதை ஒரு பெரிய கலைப்படைப்பாக்கிவிட்டார். படம் பிடித்ததும் அவர், எடிட் செய்ததும் அவர். அதில் 'வணிகத்தின் குரல்கள்' என்று ஒரு பகுதி. கொழுந்து கிள்ளும் பெண்கள் தெரிகிறார்கள்; மேலே கேட்பது லண்டன் சந்தை விலை, கப்பல் நேரம், கடித வாசகம். படமும் சத்தமும் மோதும் அந்த எடிட்டிங்கை உலகத்துத் திரைப்படப் பள்ளிகளில் பாடமாக வைக்கிறார்கள், வைக்க வேண்டியதுதான். கடைசியில் கண்டிய நடனம். வர்ணனைக்கு எடுத்ததோ கண்டி இராச்சியத்தில் இருபது வருஷம் கைதியாக இருந்த ரொபர்ட் நொக்ஸின் எழுத்து. எல்லாருக்கும் குரல் இருக்கிறது: நொக்ஸுக்கு, சந்தைக்கு, மேளத்துக்கு. கொழுந்து கிள்ளுகிற அக்காவுக்கு மட்டும் கை இருக்கிறது. வாய் இல்ல.

அதிலிருந்து 'பாரடைஸ்' வரை வந்த தூரம் பெரிசு. முன்னதில் நாம் அழகு, பின்னதில் நாம் கேள்வி. ஆனால் இரண்டிலும் பார்க்கிறவர் வெளியிலிருந்து வந்தவர். ஶ்ரீகர் பிரசாத்திடம் இதற்கு மேல் கேட்பது நியாயமில்ல. வன்னிஹாமிக்கும் அரபாத்துக்கும் செல்விக்கும் அவர் கொடுத்த நேரம் நம்ம ஆட்கள் நமக்கே கொடுக்காதது.

ஏன் சொல்கிறேன் என்றால், கண்டி, கட்டுகஸ்தோட்டை, கம்பளை, மாத்தளை என்று இப்போது குறும்படம் எடுக்காத நண்பர் வட்டம் இல்ல. கெமரா ஃபோனிலேயே இருக்கிறது, ட்ரோன்கூட வாடகைக்குக் கிடைக்கிறது. எல்லாருக்கும் இயக்குநர் ஆக வேண்டும், கொஞ்சப் பேருக்கு ஒளிப்பதிவாளர். எடிட்டிங் என்றால் கம்பியூட்டர் தெரிந்த தம்பிக்குக் கொடுத்துவிடு. அந்தத் தம்பி யூடியூபில் பார்த்த ட்ரெய்லர் தாளத்தில் எல்லாவற்றையும் இரண்டு செக்கனாக நறுக்கித் தருவான். மேலே வயலின். லயத்துக் கூரை இரண்டு செக்கன், கூடை இரண்டு செக்கன், சுருக்கம் விழுந்த கை இரண்டு செக்கன். பேசில் ரைட் பரவாயில்லை என்று ஆகிவிடுகிறது. அவருக்காவது கொழுந்து கிள்ளுகிற வேகம் தெரிந்திருந்தது.

போன மாசம் நண்பன் ஒருவன் தன் படத்தின் முதல் வடிவத்தைக் காட்டினான். எந்தத் தோட்டம் என்று சொல்லல, சொல்லவும் கூடாது. கொழுந்து நிறுக்கிற இடத்தில் ஒரு அம்மா வரிசையில் நிற்கிறார். நாலு செக்கன். கட். மஞ்சள் வெயிலில் மலை.

"முழு ஷொட்டைக் காட்டுடா" என்றேன்.

ஐம்பத்திரண்டு செக்கன் இருந்தது. அம்மா நிற்கிறார். முன்னால் இருக்கிறவர் நகர்கிறார். இவர் சாக்கைத் தராசில் மாட்டிவிட்டு முள்ளைப் பார்க்கிறார். எழுதுகிறவர் ஒரு இலக்கம் சொல்கிறார். அது முள் காட்டின இலக்கம் இல்ல. சாக்குக்கும் தண்ணிக்கும் கழித்தது போக வந்த கணக்கு. அம்மா வாயைத் திறக்கிறார், மூடுகிறார். திரும்ப முள்ளைப் பார்க்கிறார். முள் அதற்குள் சைபருக்கு வந்துவிட்டது. பிறகு கெமராவைப் பார்த்து, ரொம்பச் சாதாரணமாக, "இன்னைக்கு அரைப்பேருதான் தம்பி" என்கிறார்.

"இதை ஏன்டா வெட்டின?"

"இழுவையா இருக்கு மச்சான். பார்க்கிறவன் ஸ்கிப் பண்ணிருவான்."

ரெண்டு மணித்தியாலம் சண்டை. நாற்பது செக்கன் வரைக்கும் வந்திருக்கிறான். அம்மா வாயைத் திறந்து மூடும் இடம் உள்ளே இருக்கிறது. அரைப்பேரு என்று சொல்லும் இடம் இன்னும் வெளியே. நாளைக்குத் திரும்பப் போய் உட்காரப் போகிறோம்.